மொட்டைத் தம்பியோட அப்பா

யுவராணி டிவியில் இருக்கிறாள் என்பது சேத்தூரில் எல்லாருக்கும் தெரியும். டிவிக்குள் எங்கே இருக்கிறாள் என்பதுதான் ஒருத்தருக்கும் தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் குழந்தைகள் பாட்டுப் போட்டி ஓடும்போது அவள் அம்மா செல்வலட்சுமியின் வீட்டில் பாதித் தெரு கூடிவிடும். பாடுவது யுவராணி இல்லை. நாற்காலியில் சாய்ந்து தீர்ப்புச் சொல்வதும் யுவராணி இல்லை. பின்னால் உட்கார்ந்து கைதட்டும் கூட்டத்தில் தேடினாலும் இல்லை.

“எங்கட்டி செலுவி ஒம் மவ?” என்பாள் சுடலைமாடத்தி. ராஜபாளையத்தில் செல்வலட்சுமி போகிற அதே நூல் மில்லில், அதே ஷிப்டில், பக்கத்து மிஷினில் நிற்கிறவள். வாய்க்குப் பூட்டு கிடையாது.

“அவ வெட்டி ஒட்டுற வேலை பாக்கா. முன்னால எல்லாம் வர மாட்டா.”

“அப்ப நாங்க யாரப் பாக்க இங்க வந்து குத்தவச்சிருக்கோம்?”

“செத்த நேரம் பொறேன். கடைசியில பேரு போடுவாக.”

கடைசியும் வரும். வந்த வேகத்தில் திரையைச் சுருக்கி ஒரு மூலைக்குத் தள்ளிவிட்டு, அடுத்த சீரியலின் மாமியார் முழு அகலத்துக்கு வந்து நின்று முறைப்பாள். மூலையில் பேர்கள், பைபாஸில் போகிற ஆம்னி பஸ்ஸின் போர்டு மாதிரி பறக்கும். செல்வலட்சுமி எழுத்துக்கூட்டிப் படிக்கிறவள். முதல் எழுத்தைப் பிடிப்பதற்குள் பஸ் போயிருக்கும்.

“போட்டாகளா?”

“போட்டாக, போட்டாக. நீ கண்ண மூடுனப்ப போட்டாக” என்று சேலையைத் தட்டிக்கொண்டு எழுந்து போவாள் சுடலைமாடத்தி.

முதல் பட்டதாரிச் சான்றிதழுக்காகத் தாலுகா ஆபீசில் யுவராணி ஏறி இறங்கிய காலம் ஒன்று உண்டு. அந்தச் சான்றிதழில் அவள் பேர் தெளிவாக இருந்தது. அதற்குப் பிறகு எதிலும் தெளிவாக வரவில்லை.

சென்னையில் அவள் பார்த்த வேலைக்குப் பேர் எடிட்டிங். பார்த்தது கண்ணீர் வியாபாரம். தயாரிப்பாளர் காளிராஜுக்கு ஒரு பிள்ளை சுமாராகப் பாடினாலும் நாட்டில் ஒரு தாய் அழுதாக வேண்டும். அழவில்லையா? “யுவராணி, இங்க ஒரு அம்மா போடும்மா” என்பார், சாம்பாரில் உப்புப் போடச் சொல்வது போல. அதற்கென்றே அவள் கம்ப்யூட்டரில் ஒரு ஃபோல்டர் இருந்தது. கொட்டாவி விட்டுக் கண் கலங்கிய அம்மா, தூசி விழுந்து கண்ணைக் கசக்கிய அம்மா, ஏசி குளிரில் மூக்கை உறிஞ்சிய அம்மா. தூசி விழுந்த அம்மாவின் பிள்ளை முதல் வாரமே தோற்று ஊருக்குப் போய்விட்டது. அம்மா மட்டும் சீசன் முடியும்வரை யார் யார் பிள்ளைக்கோ அழுதுகொண்டிருந்தாள். மேலே மூன்று தடவை ஜூம், கீழே ஒரு புல்லாங்குழல். ஆபீசில் யுவராணியை ‘கண்ணீர் ஸ்பெஷலிஸ்ட்’ என்றார்கள். அதைப் பாராட்டு என்று நினைத்துத்தான் சொன்னார்கள். அதுதான் அவளுக்கு வயிற்றெரிச்சல்.

நாலு வருஷம் கழித்து விக்னேஷ்வரனிடமிருந்து போன் வந்தது. ஆவணப்பட இயக்குநர். வெளிநாட்டு விழாக்களுக்கெல்லாம் போய் வந்தவர். ராஜபாளையம் பக்கத்து மில் பெண்களைப் பற்றிப் படம் எடுத்து முடித்திருந்தார். படத்தின் பேர் ‘பஞ்சின் மௌனம்’.

“யுவா, நீங்க அந்த மண்ணு. எனக்கு அந்த மண்ணோட கை வேணும்.”

மண்ணுக்கு ஏது கை என்று அவளுக்கு விளங்கவில்லை. அடுத்து அவர் சொன்னது விளங்கியது.

“கடைசியில தனி கார்டு. கருப்புத் திரை. படத்தொகுப்பு, யுவராணி. எட்டு செகண்ட் நிக்கும்.”

எட்டு செகண்ட். அம்மா எழுத்துக்கூட்டினாலும் படித்து முடித்துவிடலாம். அன்றைக்கே காளிராஜிடம் போய் வேலையை விடுவதாகச் சொன்னாள். “டாக்குமெண்டரியா? யாரும்மா பாப்பாங்க?” என்றார் அவர். “எங்கம்மா பாப்பா சார்” என்றாள்.

எடிட்டிங் ராஜபாளையத்திலேயே நடக்கட்டும், மண்ணுக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும் என்பது விக்னேஷ்வரனின் ஆசை. மண்ணுக்குப் பக்கத்தில் கிடைத்தது, பழைய பஸ் ஸ்டாண்டு அருகே மாடியில் இருந்த ஜெர்வின் ஸ்டூடியோ. ஜெர்வின் அவளோடு கல்லூரியில் படித்தவன். கல்யாணம், சடங்கு, ஞானஸ்நானம், எதுவானாலும் மேலிருந்து ரோஜாப்பூ கொட்ட வைப்பான். இரண்டு கம்ப்யூட்டரில் ஒன்றை அவளுக்கு ஒதுக்கிக் கொடுத்தான்.

விக்னேஷ்வரன் அங்கே வந்து இறங்கிய கோலத்தைச் சொல்ல வேண்டும். பளபளவென்று மொட்டை. மீசை இல்லை, தாடி இல்லை. வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை. மக்களுக்கு மரியாதை என்று வெறுங்கால். குரலோ பக்கத்தில் யாரோ தூங்குவது போல மெதுவாக வரும். பேசும்போது நெஞ்சில் கை வைத்துக் கண்ணை மூடிக்கொள்வார். சென்னையில் இதற்கெல்லாம் பேர் எளிமை. அந்தப் பக்கத்தில், அப்பன் உயிரோடு இருக்கிற ஆம்பிளை மீசையை எடுக்க மாட்டான் என்பதை அவருக்கு யாரும் சொல்லவில்லை. யுவராணிக்கும் தோன்றவில்லை. சென்னையில் அவள் பார்த்த இயக்குநர்களில் பாதிப் பேர் மொட்டைதான்.

படப்பிடிப்பு செட்டியார்பட்டியில் ஒரு சமுதாயக் கூடத்தில் மில் லீவு நாளில் நடந்திருந்தது. பதினேழு பெண்களை வரிசையாக உட்கார வைத்துப் பேச விட்டிருந்தார்கள். முதல் வரிசையில் அம்மாவும் சுடலைமாடத்தியும். இருவர் சேலையிலும் குட்டி மைக்.

யுவராணி முழுவதையும் போட்டுப் பார்த்தாள். மூன்று மணி நேரம் பேசியிருந்தார்கள். பேசினார்களா, கூத்தடித்தார்கள்.

“ஒண்ணுக்குப் போவணும்னா டோக்கன் வாங்கணும் தம்பி. டோக்கன் கைக்கு வாரதுக்குள்ள ஒண்ணுக்கே மறந்து போவும்” என்கிறாள் சுடலைமாடத்தி. கூடம் அதிர்கிறது. “சூப்பர்வைசர் தலையில விக்கு வச்சிருக்காரு. பஞ்சு பறந்து பறந்து அது மேல ஒட்டி, சாயங்காலம் பாத்தா அய்யனாரு மாதிரி இருப்பாரு.” அம்மா சிரித்துச் சிரித்து இருமுகிறாள். இருமல் நிற்கவில்லை. “இது சிரிப்பு இருமல் இல்ல தம்பி, மில்லு இருமல். ரெண்டுக்கும் ஒரே வாய்தான், என்ன செய்ய” என்று சொல்லி மறுபடியும் சிரிக்கிறாள்.

யுவராணிக்குப் புல்லரித்தது. நாலு வருஷத்தில் அவள் கைக்கு வந்த முதல் உண்மையான சரக்கு. ராப்பகலாக உட்கார்ந்து படத்தின் முதல் வடிவத்தைத் தயார் செய்து காட்டினாள். விக்னேஷ்வரன் கண்ணை மூடிக்கொண்டே பார்த்தார்.

“யுவா, ரொம்பப் பேசுறாங்க.”

“அவிய பேசுறதுதான சார் படம்?”

“இல்ல யுவா. அவங்க பேச முடியாததுதான் படம்.”

“மூணு மணி நேரம் பேசியிருக்காகளே சார்.”

“அதான் பிரச்சனை. பேசினா காமெடி ஆயிடுது. அந்த டோக்கன் மேட்டர் எல்லாம் நியூஸ் மாதிரி இருக்கு. எனக்குப் பொயட்ரி வேணும்.”

டோக்கன் போனது. விக்கு போனது. இருமலில் சிரிப்பை எடுத்துவிட்டு இருமலை மட்டும் வைக்கச் சொன்னார். பக்கத்துக் கம்ப்யூட்டரில் மணப்பெண்ணுக்கு ரோஜாப்பூ கொட்டிக்கொண்டிருந்த ஜெர்வின் திரும்பிப் பார்த்தான். அவர் டீ குடிக்க இறங்கிப் போனதும் சொன்னான்: “ஏட்டி, என் வீடியோவுல பொண்ணு கார்ல ஏறும்போது அழுகுறா பாரு, அது ஒரிஜினல். உங்க ஆளு சிரிக்கிறவளப் புடிச்சு அழ வைக்கான். யாரு பெரிய டைரக்டருன்னு நீயே சொல்லு.”

“வாய மூடிட்டுப் பூவக் கொட்டுலே.”

படத்துக்கு உச்சக்கட்டம் என்று விக்னேஷ்வரன் ஒரு ஷாட்டை வைத்திருந்தார். அதைப் பற்றிப் பேசும்போதே அவர் குரல் கரைந்துவிடும். நாள் முடிவில் எல்லாப் பெண்களும் தாமாகவே எழுந்து நிற்கிறார்கள். ஒரு வார்த்தை இல்லை. தலை குனிந்திருக்கிறது. கேமரா மெல்ல நகர்கிறது. சுடலைமாடத்தி முந்தானையால் வாயைப் பொத்துகிறாள். செல்வலட்சுமியின் கன்னத்தில் கண்ணீர் பொலபொலவென்று இறங்குகிறது.

“நான் எதுவும் சொல்லல யுவா. தானா நடந்தது. தலைமுறை தலைமுறையா அடக்கி வச்ச துக்கம். இதுக்கு மேல ஒரு வயலின். அவ்வளவுதான் படம்.”

அம்மா அழுவதை யுவராணி திரையில் பார்த்தாள். அப்பா கோவித்துக்கொண்டு திருப்பூருக்குப் போய் ஒரு வருஷம் வராதபோதுகூட அழாத பொம்பிளை. எதற்கு அழுதாள்?

வீட்டில் கேட்டிருக்கலாம். ஆனால் அம்மாவோ சில நாளாகவே விக்னேஷ்வரன் விஷயத்தில் கொஞ்சம் அதிகமாக உருகிக்கொண்டிருந்தாள். காலையில் தூக்குவாளியில் பணியாரம் கொடுத்தனுப்புவாள். “அந்தத் தம்பிக்குக் குடு. பாவம். நேரத்துக்குச் சாப்புடுதோ என்னமோ. அவுக அம்மா எப்படி இருக்காகன்னு கேட்டியா?”

“அவுக அம்மாவ நான் என்னத்துக்குக் கேக்கணும்?”

“கேக்கணும்ட்டி. படிச்சா மட்டும் போதுமா?”

வயலின் போடுவதற்கு முன் ஒரு சின்ன வேலை பாக்கி இருந்தது. எந்த இடத்தில் பேச்சை எடுத்தாலும் ஒலி அங்கே பொத்துப்போய்விடும். அந்தப் பொத்தலை அடைக்கக் கூடத்தின் வெறும் அமைதி வேண்டும். அதற்காகவே படப்பிடிப்பில் எல்லாரையும் ஒரு நிமிடம் பேசாமல் இருக்கச் சொல்லி அமைதியைப் பதிவு செய்வார்கள். ரூம் டோன் என்று பேர். அதைத் தேடிப் போன யுவராணி, ரூம் டோன் எடுத்த இடமும் அந்த உச்சக்கட்ட ஷாட்டும் ஒன்றே என்பதைக் கண்டாள். தானாக நடந்ததாம். ஷாட்டுக்குச் சற்று முன்னால் விக்னேஷ்வரனின் குரல் கேட்டது, அந்தத் தூங்குகிற குரல்: “எல்லாரும் ஒரு நிமிஷம் மௌனமா இருக்கணும். தயவு செஞ்சு.” கட்டாயம் நெஞ்சில் கையும் வைத்திருப்பார்.

பள்ளிக்கூட ஆண்டு விழாவிலிருந்து யூனியன் கூட்டம்வரை ஒரு நிமிஷ மௌனம் என்றால் ஒரே அர்த்தம்தான். நாற்காலிகள் நகரும் சத்தம். எல்லாரும் எழுந்துவிட்டார்கள்.

குட்டி மைக் இரண்டும் ஓடிக்கொண்டிருந்தன. ஒலிப்பதிவாளர் வடநாட்டுக்காரர், தமிழ் அவருக்குக் காற்றுச் சத்தம் மாதிரி. பேச்சு விழுகிறது என்று அவர் கை காட்டியிருக்க வேண்டும். “டோண்ட் கட், டோண்ட் கட்” என்று விக்னேஷ்வரன் தழுதழுப்பது தூரத்தில் கேட்டது. அதுவரை அந்த ஷாட்டை ஒலி இல்லாமலே பார்த்திருந்த யுவராணி இரண்டு மைக்கையும் திறந்துவிட்டாள்.

“ஏட்டி செலுவி, யாரு செத்தது?”

“சத்தம் காட்டாத. அந்த மொட்டைத் தம்பியோட அப்பா.”

“ஆத்தி! எப்ப?”

“மொட்டையப் பாத்தாத் தெரியலையா? மீசை கூட மொளைக்கல. காரியம் முடிச்ச கையோட வேலைக்குக் கெளம்பி வந்திருக்கு. செருப்பு கூடப் போடல பாரு.”

“அட ஆண்டவனே. இது தெரியாம நான் விக்கு கதை எல்லாம் சொல்லிச் சிரிச்சேனே.”

“நமக்கு யாரு சொன்னா? அந்தத் தாய் வீட்ல ஒத்தையில கெடந்து எப்படித் தவிக்காளோ...”

அதற்குப் பிறகு மூக்கை உறிஞ்சும் சத்தம்தான்.

யுவராணி ஹெட்போனைக் கழற்றிவிட்டுச் சிரித்தாள். ஜெர்வின் ஓடி வந்து கேட்டான். அவன் சிரித்து விழுந்ததில் ஒரு மணப்பெண்ணின் தலையில் ரோஜாப்பூ இரண்டு மடங்கு கொட்டிவிட்டது.

சிரிப்பு அடங்கியதும் அவளுக்குக் கோபம் வந்தது. டோக்கனையும் இருமலையும் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டுப் போனவர்கள், ஒரு மொட்டைக்காரனின் அப்பாவுக்காக எழுந்து நின்று அழுதிருக்கிறார்கள். அந்த ஆள் அதைத் தூக்கி அவர்கள் தலையிலேயே துக்கம் என்று எழுதி ஒட்டுகிறான். சென்னையில் யார் யாரோ அம்மாவை வெட்டி ஒட்டினாள். இங்கே அவள் அம்மா.

விக்னேஷ்வரன் வந்ததும் ஹெட்போனை அவர் காதில் மாட்டிவிட்டாள். அவர் கண்ணைத் திறந்துகொண்டு கேட்டது அதுதான் முதல் தடவை. கை தானாக மொட்டைக்குப் போனது.

“எங்கப்பா நல்லாத்தான் இருக்கார்” என்றார்.

“அது அவியளுக்குத் தெரியாதுல்லா சார்.”

“இதை வேற யாரு கேட்டது?”

“ஜெர்வின்.” ஜெர்வின் கையைத் தூக்கிக் காட்டினான்.

“அழுகை உண்மைதான யுவா?”

“உண்மைதான் சார். உங்கப்பாவுக்கு அழுதது.”

“எமோஷன் இஸ் எமோஷன். ஆடியன்ஸுக்கு அது தேவையில்ல. மைக்கை மியூட் பண்ணு. வயலினைப் போடு.”

“இத வச்சா படம் நல்லாருக்கும் சார். உங்களப் பாத்து அவிய பாவப்பட்டிருக்காக. எந்தப் படத்துல இப்படி வரும்?”

“என்னை ஜோக்கர் ஆக்குறியா?” தூங்குகிறவர் விழித்துக்கொள்ளும் அளவுக்கு அந்தக் குரல் உயர்ந்தது. பிறகு நெஞ்சில் கை வைத்துத் தன்னைத் தானே அமர்த்திக்கொண்டார். “யுவா, தெளிவாச் சொல்றேன். அந்த ஆடியோ இருந்தா உன் பேரு இருக்காது. உன் பேரு வேணும்னா அந்த ஆடியோ இருக்காது. நீயே முடிவு பண்ணு. நான் ஒரு ஜூரி மீட்டிங்குக்கு கோவா போறேன். ஸ்க்ரீனிங் அன்னிக்கு நேரா வந்துடறேன்.”

இரண்டில் ஒன்று என்றார். யுவராணி இரண்டையும் வைத்தாள். பேச்சு தெளிவாகக் கேட்காத இடங்களுக்குக் கீழே எழுத்தும் போட்டாள். அம்மாவிடம் மூச்சு விடவில்லை. சொன்னால் மறுநாள் காலை மில் வேன் முழுக்கப் பரவி, படம் வருவதற்கு முன்னால் கதை தீர்ந்துவிடும்.

திரையிடல் ஸ்ரீவில்லிபுத்தூரில், ஒரு கல்யாண மண்டபத்தின் மாடி ஹாலில். ஒரு கலை இலக்கிய வட்டத்தின் ஏற்பாடு. ஜிப்பா போட்டவர்கள் முன்னால். மில் பெண்களை வேன் வைத்துக் கூட்டி வந்து நடுவில் உட்கார வைத்திருந்தார்கள். எல்லாரும் பட்டுச் சேலை. சுடலைமாடத்தி நாலு முழம் மல்லிகைப்பூ. யுவராணி ஹாலின் பின்னால் லேப்டாப்போடு உட்கார்ந்திருந்தாள். புரொஜக்டர் ஜெர்வினுடையது.

அமைப்பாளர் மைக்கைப் பிடித்தார். “இன்றைய நிகழ்வுக்குத் தலைமை தாங்க, சென்னையிலிருந்து நமக்காக வருகை தந்திருக்கும், ஓய்வு பெற்ற உயர் அதிகாரி, நம் இயக்குநர் விக்னேஷ்வரனின் தந்தை...”

முன் வரிசையில் ஒருவர் எழுந்து கும்பிட்டார். அடர்ந்த வெள்ளை மீசை. பிள்ளைக்கு இல்லாத முடியெல்லாம் அவர் தலையில் இருந்தது. சால்வை போட்டு ஒரு பால்கோவா டப்பாவும் கொடுத்தார்கள்.

நடு வரிசையில் தலைகள் திரும்பின.

“ஏட்டி செலுவி,” சுடலைமாடத்தியின் ரகசியம் கடைசி வரிசைவரை கேட்டது, “அது யாரு?”

“அவுகப்பாங்காகளே...”

“உசிரோடவா இருக்காரு?”

“சித்தப்பாவா இருக்கும்ட்டி. பேசாம இரு.”

அவர் அப்பா வருவார் என்று யுவராணியிடம் யாரும் சொல்லவில்லை. விக்னேஷ்வரன் ஏர்போர்ட்டிலிருந்து நேராக வந்து அப்பாவின் பக்கத்தில் உட்கார்ந்து, பின்னால் திரும்பி அவளைப் பார்த்து, வயலின் வாசிப்பது போல் கை காட்டிக் கேட்டார். அவள் தலையை ஒரு மாதிரி ஆட்டினாள். ஆம் என்றும் எடுத்துக்கொள்ளலாம். அவர் ஆம் என்று எடுத்துக்கொண்டார்.

படம் ஓடியது. மில் சுவர், சங்கு ஊதும் சத்தம், வெயில், பஞ்சு, மறுபடியும் பஞ்சு. ஜிப்பாக்கள் பெருமூச்சு விட்டன. நடு வரிசையில், “அந்தா பாரு நம்ம இன்பம் வாரா,” “அந்தச் சேலையப் போட்டு மானத்த வாங்கிட்டா” என்று கசமுசா. உச்சக்கட்டம் நெருங்கியது. திரையில் பெண்கள் எழுந்து நின்றார்கள். யுவராணியின் விரல் லேப்டாப்பில் இருந்தது. ஒரு தட்டுத் தட்டினால் சத்தம் அடங்கிவிடும். விக்னேஷ்வரன் நினைத்த மௌனம் தானாக வந்துவிடும், ஹால் உருகும், அவள் பேர் எட்டு செகண்ட் நிற்கும், அம்மா எழுத்துக்கூட்டிப் படிப்பாள். யாருக்கும் ஒரு நஷ்டமும் இல்லை. அழுத கண்ணீர் யாருக்காக என்பது மட்டும்தான் நஷ்டம். காளிராஜின் ஆபீசில் அவள் தினமும் போட்ட கணக்கு அது.

விரலை எடுத்துக் கையைக் கட்டிக்கொண்டாள்.

‘ஏட்டி செலுவி, யாரு செத்தது?’

ஸ்பீக்கரில் தன் குரலையே கேட்ட சுடலைமாடத்தி, “ஆத்தீ!” என்று வாயில் அடித்துக்கொண்டாள்.

‘அந்த மொட்டைத் தம்பியோட அப்பா.’

எழுத்தாகவும் வந்தது, பெரிய எழுத்தில். முதலில் ஒரு ஜிப்பா கனைத்தது. யாரோ கெக்கென்று சிரித்தார்கள். ‘இது தெரியாம நான் விக்கு கதை எல்லாம் சொல்லிச் சிரிச்சேனே’ வந்தபோது ஹால் மொத்தமும் இடிந்து விழுந்தது போலச் சிரித்தது. விக்னேஷ்வரனின் மொட்டை திரையின் வெளிச்சத்தில் பளபளத்தது, ஒளிய இடமே இல்லாமல். பக்கத்தில் அப்பா எழுந்து நின்றார். மெதுவாகத் திரும்பிப் பின்னால் பார்த்தார்.

நடு வரிசையில் நாற்காலிகள் நகர்ந்தன. செல்வலட்சுமியும் சுடலைமாடத்தியும் கைகளைக் கூப்பிக்கொண்டு அவரை நோக்கிப் பாய்ந்தார்கள்.

“ஐயா, மன்னிச்சிக்கிடுங்க ஐயா. மீசையில்லாம வந்து நின்னாரா, நாங்க வேற எப்படி நெனைக்க?”

“நீங்க நூறு வயசுக்கு இருப்பீக ஐயா. செத்ததாச் சொன்னா ஆயுசு கூடும்” என்றாள் சுடலைமாடத்தி. “நாங்க பதினேழு பேரு அழுதிருக்கோம். நூறு பத்தாது, அதுக்கு மேலயே இருப்பீக.”

அப்பாவின் மீசை துடித்தது. கோபமோ என்று எல்லாரும் பயந்தார்கள். அவர் சிரித்தார். சிரித்து, சால்வையால் கண்ணைத் துடைத்தார். “நான் அன்னைக்கே சொன்னேம்மா. உயிரோட இருக்கிற அப்பனுக்கு எதுக்குடா மொட்டைன்னு கேட்டேன். ஸ்டைலுன்னான்.” பால்கோவா டப்பாவைத் திறந்து அவர்களிடம் நீட்டினார். “எடுத்துக்கங்க. எனக்காக அழுதிருக்கீங்க. இவன் அழுவானான்னு எனக்குச் சந்தேகம்.”

கூட்டம் அவரைச் சூழ்ந்துகொண்டது. அவர்கள் முதுகுக்குப் பின்னால் திரையில் விக்னேஷ்வரனின் பேர் வயலினோடு வந்து போனது. அப்புறம் கருப்புத் திரை. படத்தொகுப்பு, யுவராணி. எட்டு செகண்ட். ஹாலில் ஒருத்தர் முகமும் திரைப் பக்கம் இல்லை. ஜெர்வின் மட்டும் பார்த்தான். அவனுக்கு ஏற்கெனவே தெரியும்.

பிறகு விக்னேஷ்வரன் மேடை ஏறினார். கைதட்டல் நிற்கவே இல்லை. அந்தக் கைதட்டல் அவர் முகத்தில் வெளுத்துப் போயிருந்த நிறத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பிக் கொண்டுவருவதை யுவராணி பின்னாலிருந்து பார்த்தாள். நெஞ்சில் கை வந்தது. கண் மூடியது.

“படம் எடுக்கிறவனை, எடுக்கப்படுறவங்க திருப்பிப் பார்க்கிற தருணம் அது. அந்தப் பார்வையை வைக்கிறதா, வேண்டாமான்னு எடிட்டிங்ல பெரிய போராட்டமே நடந்தது. வைக்கணும்னு நான் பிடிவாதமா நின்னேன். அதுதான் இந்தப் படத்தோட அரசியல்.”

“அடப்பாவி” என்றான் ஜெர்வின்.

யுவராணிக்குச் சிரிப்புதான் வந்தது. போராட்டம் நடந்தது உண்மை. யார் எந்தப் பக்கம் நின்றார்கள் என்பதைத்தான் அந்த ஆள் எடிட் பண்ணிவிட்டார். பரவாயில்லை, சுமாரான கட். ஒரே மூச்சில் வேலையைக் கற்றுக்கொண்டிருக்கிறார்.

இறங்கி வந்து அவளிடம் மெதுவாகச் சொன்னார்: “யுவா, ஃபெஸ்டிவல் காப்பில படத்தொகுப்புல என் பேரையும் சேர்த்துக்கலாம். கான்செப்ட் லெவல்ல நானும் இருக்கேன்ல?”

“ஒரிஜினல் எல்லாம் என் ஹார்ட் டிஸ்க்ல இருக்கு சார். ரூம் டோனுக்கு முன்னாடி நீங்க மௌனமா இருக்கச் சொன்னதும் இருக்கு. ‘தானா நடந்தது’ன்னு இனிமே எங்கயும் பேசாம, என் பேருலயும் கை வைக்காம இருந்தா, அது வெளிய வராம அங்கேயே இருக்கும். என் பேரு மட்டும் தனியா நிக்கும்.”

அவர் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தார். பிறகு, யாரோ கூப்பிட்டது போல வாசல் பக்கம் போய்விட்டார்.

ஹால் காலியாகிக்கொண்டிருந்தது. வாயில் பால்கோவாவோடு அம்மா வந்தாள். “நல்ல மனுசன்ட்டி அவுகப்பா. ஒம் பேரு போட்டாகளா?”

“போட்டாக.”

“நான் பாக்கலையே.”

“யாரும் பாக்கல.”

“மறுக்காப் போடு.”

“எம்மா, முடிஞ்சு போச்சு. மண்டபத்த மூடப் போறாக.”

“மூடட்டும். நாலு வருசமாப் பறக்குற பேரு. இன்னைக்குப் பாக்காம வேன்ல ஏற மாட்டேன்.” திரும்பிக் கூப்பிட்டாள். “ஏட்டி மாடத்தி, இன்பம், எல்லாரும் வாங்க. எம் மவ பேரு போடுதா.”

பதினேழு பட்டுச் சேலைகளும் திரைக்கு முன்னால் வந்து நின்றன. யுவராணி படத்தைக் கடைசிக்குத் தள்ளி, கருப்புத் திரையில் அந்த எழுத்து வந்ததும் நிறுத்தினாள். எட்டு செகண்ட் போனது. நிறுத்தியது நிறுத்தியபடியே இருந்தது.

செல்வலட்சுமி விரலை நீட்டி ஒவ்வொரு எழுத்தாகப் படித்தாள். ‘படத்தொகுப்பு’ அவளுக்கு ரொம்ப நேரம் எடுத்தது. ‘யுவராணி’ சட்டென்று வந்தது.

“இம்புட்டுத்தானா?” என்றாள் சுடலைமாடத்தி.

“சும்மா இருட்டி. நல்லா பெருசாத்தான் இருக்கு.” அம்மா செத்த நேரம் பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தாள். “ஆனா ஏட்டி, மொட்டைத் தம்பி பேருக்கு மட்டும் என்னமோ வயலினு வாசிச்சாகளே, ஒம் பேருக்கு ஒரு சத்தத்தையும் காணோம்?”

“எனக்கு மௌனம்தான்மா.”

“ஓ” என்றாள் சுடலைமாடத்தி. முகத்தை ஒரே நொடியில் துக்கமாக்கிக்கொண்டாள். “அப்ப எல்லாரும் நேரா நில்லுங்கட்டி. ஒரு நிமிசம். தலையக் குனியுங்க.”

பதினேழு பேரும் தலை குனிந்தார்கள். இன்பத்தின் தோள் சிரிப்பை அடக்க முடியாமல் குலுங்கியது. செல்வலட்சுமி முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள், கண்ணில் தண்ணீர் கோத்துவிட்டது. திரையில் யுவராணியின் பேர் அசையாமல் நின்றது.

“ஏட்டி செலுவி,” மாடத்தி உதடு அசையாமல் கேட்டாள், “யாரு செத்தது?”

ஹால் வாசலில் விக்னேஷ்வரன் நின்றிருந்தார். அங்கிருந்து பார்த்தால் குனிந்த தலைகளும் குலுங்கும் தோள்களும்தான் தெரியும். அவர் முகம் உருகிக்கொண்டிருந்தது. மெல்ல, யாரையும் கலைத்துவிடாமல், போனை எடுத்துப் படம் பிடிக்க ஆரம்பித்தார்.